செல்போனைப் பிடுங்கினால் அடிக்க வருகிறான்

கேள்வி: எட்டாம் வகுப்பு படிக்கும் என் 13 வயது மகன் நள்ளிரவு தாண்டியும் செல்போனில் துப்பாக்கிச் சண்டை விளையாடுகிறான். பிடுங்கினால் கையில் கிடைத்ததை வீசுகிறான்; போன வாரம் என்னை அடித்தும்விட்டான். பயந்துபோய்த் திருப்பிக் கொடுத்துவிடுகிறேன். கணவர் துபாயில் இருக்கிறார். நான் என்ன செய்வது? – வாசகி, திருச்சி

பதில்: உங்கள் மகன் அடிப்பது விளையாடும்போது அல்ல, செல்போனைப் பிடுங்கும்போதுதான் என்பதைக் கவனியுங்கள். கத்தியதும் செல்போன் திரும்பக் கிடைத்தால் கத்தினால் கிடைக்கும் என்று கற்றுக்கொள்கிற பிள்ளை, கத்தலுக்கு அசையாத நீங்கள் அடிக்குப் பயந்து கொடுக்கும்போது, அடித்தால் கட்டாயம் கிடைக்கும் என்று கற்றுக்கொள்கிறான். முதலில் மாற்ற வேண்டியது இதைத்தான்.

குழுவாக ஆடும் இத்தகைய விளையாட்டுகளை நடுவில் நிறுத்திவைக்க முடியாது. பாதியில் வெளியேறினால் நண்பர்களின் ஏச்சும் புள்ளி இழப்பும் சேர்ந்து வரும். ஆகவே 'எட்டு மணிக்கு வை' என்பதைவிட, 'இரண்டு ஆட்டம், பிறகு செல்போன் என்னிடம்' என்பது நடைமுறைக்கு ஒத்துவரும். இதைச் சண்டை நடக்கும்போது பேசாமல், ஞாயிறு காலை போன்ற அமைதியான வேளையில் அவனையும் கேட்டு முடிவு செய்யுங்கள். இரவில் வீட்டிலுள்ள எல்லாச் செல்போன்களும், பாட்டி போன்றவர்கள் ரகசியமாகக் கொடுக்கக்கூடிய செல்போன் உட்பட, உங்கள் அறையில் சார்ஜில் இருக்கட்டும். இதே விதியைக் கணவரும் வீடியோ அழைப்பில் சொல்ல வேண்டும். 'அப்பா வரட்டும்' என்ற மிரட்டல் வேண்டாம். தொடக்கத்தில் ஆர்ப்பாட்டம் கூடத்தான் செய்யும், அப்போது விட்டுக்கொடுத்தால் அடுத்த முறை இன்னும் கடினமாகும். கை ஓங்கினால் வாதிடாமல் அங்கிருந்து விலகி, மறுநாள் பேசுங்கள்.

இந்த வயதில் 8 முதல் 10 மணி நேரத் தூக்கம் தேவை. அது குறைந்தாலே எரிச்சலும் கோபமும் கூடும். ஓரிடத்தில் நிலைகொள்ளாமல் கவனம் சிதறும் கவனக்குறைவு மிகைச்செயல்பாடு (ADHD), மனச்சோர்வு, கற்றல் குறைபாடு, பள்ளியில் நடக்கும் கேலி ஆகியவையும் விளையாட்டின் பின்னே ஒளிந்திருக்கலாம். உலக சுகாதார நிறுவனத்தின் நோய்ப் பட்டியலில், 2022 முதல் நடைமுறையில் உள்ள 11ஆம் பதிப்பில், விளையாட்டு அடிமைத்தனமும் ஒரு நோயாக இடம்பெற்றுள்ளது. ஆனால் கட்டுப்பாடு இழந்து, படிப்பும் உறவும் கெட்ட பிறகும் விளையாட்டையே முதன்மையாகக் கொள்ளும் நிலை பொதுவாக 12 மாதங்களாவது நீடித்தால்தான் அப்பெயரைச் சூட்டுகிறோம். நேரில் பார்க்காமல் உங்கள் மகனுக்கு அதைச் சூட்ட நான் விரும்பவில்லை.

எனினும் அடிக்கும் அளவுக்குப் போய்விட்டதால், அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையின் மனநலப் பிரிவுக்கு அழைத்துச் செல்லுங்கள். அரசின் தொலைபேசி மனநல உதவிச் சேவையான டெலி மானஸின் 14416 எண்ணில் தமிழிலேயே ஆலோசனை இலவசமாகக் கிடைக்கும். செத்துப்போவேன் என்று அவன் சொன்னால், மிரட்டல்தானே என்று ஒதுக்காமல், தனியே விடாமல், அன்றே மருத்துவரிடம் காட்டுங்கள். மற்றபடி, மனநலப் பிரிவுக்கு வர மறுத்தால் முதலில் நீங்கள் மட்டும் போகலாம். பெற்றோருக்குத் தரும் பயிற்சி இச்சிகிச்சையின் முக்கியமான பகுதி.