ரிஷ்லியூ பதவிக்கு வந்தது 1616-லா, 1624-லா?

நண்பரே, பிரெஞ்சு அரசியல்வாதி ரிஷ்லியூ பதவிக்கு வந்த ஆண்டை ஒரு நூல் 1616 என்கிறது, இன்னொன்று 1624 என்கிறது, கட்டுரையில் எதைப் போடுவது என்று கேட்டிருந்தீர்கள். இரண்டுமே சரிதான், பதவிதான் வேறு.

1616 நவம்பரில் அவர் அரசுச் செயலர் மட்டுமே. அரசர் பதிமூன்றாம் லூயியின் தாய் மரி தெ மெடிசியும் அவருக்கு வேண்டியவரான கொன்சினியும் கொண்டுவந்து வைத்த ஆள். ஐந்தே மாதம். 1617 ஏப்ரலில் லூவர் அரண்மனை நுழைவாயிலில் கொன்சினியைச் சுட்டுக் கொன்றார்கள், இவர் பதவியும் போயிற்று. அடுத்த ஆண்டு அவிஞ்ஞோனுக்கு விரட்டப்பட்டார். அப்புறம் தாய்க்கும் மகனுக்கும் இடையே சமரசம் பேசித்தான் மெல்ல எழுந்தார். 1622-ல் கர்தினால், 1624 ஏப்ரலில் அரசரின் ஆலோசனைக் குழு, ஆகஸ்டில் அதுவரை முதன்மை இடத்தில் இருந்த அமைச்சர் லா வியேவில் கைதானதும் முதன்மை அமைச்சர். நீங்கள் போட வேண்டியது இந்த ஆகஸ்டைத்தான்.

1630 நவம்பரையும் விட்டுவிடாதீர்கள். லக்சம்பர்க் அரண்மனையில் மரி கதவுகளை அடைத்துக்கொண்டு, இவரை நீக்கச் சொல்லி மகனிடம் மன்றாடினார். தாழிடாமல் விட்டிருந்த சிற்றாலய வாசல் வழியே ரிஷ்லியூ உள்ளே வந்து நின்றார்! இவர் கதை முடிந்தது என்றே அரசவையில் பலரும் நம்பினார்கள். ஆனால் வெர்சாயில் பதிமூன்றாம் லூயி இவரைத்தான் தக்கவைத்துக்கொண்டார். மரி 1631-ல் பிரஸ்ஸல்ஸுக்குத் தப்பினார். இதற்கு ஒரு முழுப் பத்தி ஒதுக்குங்கள்.