டாங்கிள் உயிரோடு இருக்கும்போதே படித்து வைத்துவிடுங்கள்

கேள்வி: காரைக்குடியில் கம்ப்யூட்டர் எம்ப்ராய்டரி கடை வைத்திருக்கிறேன். 2002-இல் பில்லோடு வாங்கிய டிசைன் சாஃப்ட்வேர், பிரின்டர் போர்ட்டில் டாங்கிள் (சாவி போலச் செருகும் சின்னக் கருவி) இருந்தால்தான் திறக்கும். விண்டோஸ் எக்ஸ்பி போட்ட கம்ப்யூட்டர் அடிக்கடி மக்கர் செய்கிறது. டாங்கிள் இல்லாமலே ஓட வைத்துத் தருவதாக ஒருவர் 8,000 ரூபாய் கேட்கிறார். கொடுக்கலாமா?

பதில்: இப்போதே கொடுக்காதீர்கள். உங்கள் டாங்கிளை வாங்கிப் பார்க்காமலே வேலையை முடிப்பதாகச் சொல்கிறாரா என்று முதலில் கேளுங்கள். அப்படியானால் எங்கிருந்தோ இறக்கிய கிராக்கைத்தான் (பூட்டை உடைத்த திருட்டு நகலைத்தான்) போடப்போகிறார். வைரஸும் கூடவே வரலாம்.

டாங்கிள் 1980-இலேயே வந்துவிட்டது. காமடோர் பெட் கம்ப்யூட்டருக்கான வேர்ட்கிராஃப்ட் சாஃப்ட்வேரோடு வந்ததைத்தான் முன்னோடியாகச் சொல்வார்கள். "டாங்கிள் இருக்கிறதா?" என்று புரோகிராம் ஓரிடத்தில் கேட்கும். அந்தக் கேள்வியை எடுத்துவிட்டால் கதை முடிந்தது. அதனால் தயாரிப்பாளர்கள் கேள்வியைப் பல இடங்களில் ஒளித்தார்கள், பதிலைச் சங்கேதமாக்கினார்கள். உடைப்பவர்களும் வழியை மாற்றினார்கள். புரோகிராமைத் தொடாமல், டிரைவர் (கருவியோடு கம்ப்யூட்டரைப் பேசவைக்கும் புரோகிராம்) மட்டத்தில் உட்கார்ந்து டாங்கிள் சொல்லும் பதிலை அப்படியே சொல்லும் எமுலேட்டரை எழுதினார்கள்.

அந்தப் பதில்களை வேலை செய்கிற டாங்கிளிடமிருந்துதான் படித்தெடுக்க வேண்டும். உங்கள் ஊர் வளவு வீட்டுச் சாவி தொலைந்தால், பூட்டை வைத்தே ஆசாரி புதுச் சாவி அடித்துவிடுவார். இங்கே தலைகீழ்: சாவி செத்துவிட்டால் பெரும்பாலும் பூட்டும் உதவாது. ஒருமுறை என்னிடம் வந்த டாங்கிளில் 25 பின்களும் பச்சை பிடித்திருந்தன. துடைத்ததும் இரண்டு நாள் ஓடியது, அப்புறம் பேச்சே இல்லை. அந்த இரண்டு நாளில் படித்து வைத்திருக்கலாமே என்று இன்றும் வருத்தம்.

சட்டமும் உங்களுக்கு ஓரளவு இடம் தருகிறது. அமெரிக்காவில் 2003-இலேயே, பழுதாகி வழக்கொழிந்த டாங்கிளுக்கு விலக்கு கொடுத்தார்கள். நம் பதிப்புரிமைச் (காப்பிரைட்) சட்டத்தின் 52-ஆம் பிரிவு, முறையாக வாங்கியவர் காப்பு நகல் எடுக்க அனுமதிக்கிறது. 2012-இல் சேர்ந்த 65ஏ பிரிவு, உரிமையை மீறும் நோக்கத்தோடு பூட்டை உடைத்தால் 2 ஆண்டு வரை சிறை என்கிறது. சட்டம் தடுக்காத காரியத்துக்காக இன்னொருவர் பூட்டைத் திறந்து தந்தால், உங்கள் பெயர், முகவரி, காரணம் எல்லாவற்றையும் அவர் பதிவு செய்து வைக்க வேண்டும். பில்லைப் பத்திரமாக வையுங்கள்.

சரி, இப்போது என்ன செய்யலாம்? தயாரிப்பாளர் இன்னும் இருந்தால், யூஎஸ்பி டாங்கிளுக்கு மாற்றித் தருவார்களா என்று கேளுங்கள். இல்லையென்றால் மதர்போர்டிலேயே பிரின்டர் போர்ட் உள்ள பழைய கம்ப்யூட்டர் ஒன்றைத் தேடுங்கள். யூஎஸ்பி-பிரின்டர் கேபிள் வாங்கி ஏமாறாதீர்கள். அது பிரின்டருக்கு மட்டும்தான், டாங்கிளோடு பேசாது. பழைய ஹார்ட் டிஸ்கை அப்படியே குளோன் (முழு நகல்) எடுங்கள். டாங்கிளைச் செருகும்போதும் கழற்றும்போதும் கம்ப்யூட்டரை அணைத்துவிடுங்கள்.

இவை கைகொடுக்காவிட்டால்தான் எமுலேட்டர். அதையும் 32-பிட் எக்ஸ்பி போட்ட விர்ச்சுவல் மெஷினுக்குள் (கம்ப்யூட்டருக்குள்ளேயே சாஃப்ட்வேரால் ஓடும் இன்னொரு கம்ப்யூட்டருக்குள்) ஓட்டச் சொல்லுங்கள், ஏனென்றால் பழைய டிரைவர் 64-பிட் விண்டோஸில் ஏறாது. டாங்கிளை அவரிடம் விட்டுவிட்டு வராதீர்கள். பக்கத்தில் உட்கார்ந்திருந்து, படித்து முடித்ததும் கையோடு வாங்கி வாருங்கள்.