கற்பனைத் தீவு நாட்டில் அழியும் உயிர்களையும் மரபுகளையும் எப்படித் தரம் பிரிப்பது?

கேள்வி: ராமநாதபுரம் கடற்கரையை மாதிரியாக வைத்து உருவாக்கும் கற்பனை உலகில், ஆவுளியாவுக்கும் (கடல்பசு) வத்தை (மரப் படகு) கட்டும் தொழிலுக்கும் ஒரே அபாயப் பட்டியல் போதுமா?

போதாது. உயிரினத்துக்கு முக்கிய அளவுகோல் எண்ணிக்கைச் சரிவு. ஐயுசிஎன் (பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு அமைப்பு) வெளியிடும், அழியும் அபாயத்தை மதிப்பிடும் சிவப்புப் பட்டியலில் பத்து ஆண்டு, மூன்று தலைமுறை, இதில் எது நீளமோ அந்தக் காலத்தைப் பார்ப்பார்கள். சரிவுக்கான காரணம் இன்னும் நீங்காத நிலையில் 30% குறைந்தால் 'அழிவாய்ப்பு', 50% என்றால் 'அருகிய', 80% என்றால் 'மிக அருகிய' இனம். தலைமுறை என்பது ஆயுள் அல்ல, ஈனும் விலங்குகளின் சராசரி வயது. உங்கள் கற்பனைக் கடல்நாகம் சராசரியாக நூறு வயதில் ஈனுமானால் 300 ஆண்டுக் கணக்கு வேண்டும். அத்தனை காலம் எண்ணிக்கை ஏட்டைக் காப்பவர் கோயிலா, அரண்மனையா, முத்துக்குளிப்பவர்களா? கற்பனைப் பட்டியல்கள் சறுக்குவது இங்கேதான்.

இடங்களுக்கு, ஆபத்திலுள்ள உலகப் பாரம்பரியத் தலங்களுக்கு யுனெஸ்கோ பின்பற்றும் வழி பொருந்தும்: உறுதியான அபாயம், வரக்கூடிய அபாயம் என இரண்டே பிரிவு. காரணத்தையும் கட்டாயம் பதியுங்கள். மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளில் கீழக்கரைப் பக்கத்துப் பூவரசன்பட்டி மூழ்கியதற்குப் பவளப்பாறையை வெட்டியெடுத்தது முக்கியக் காரணம். 'கடல் கொண்டது' என்று மட்டும் எழுதினால் அடுத்த தீவையும் இழப்பீர்கள்.

தொழிலுக்கு ஆசாரிகளின் எண்ணிக்கையைவிட, கற்றுக்கொள்ளும் இளையவர் எத்தனை பேர், மரம் கிடைக்கிறதா, படகை வாங்க ஆள் உண்டா என்பதே தரத்தை முடிவுசெய்ய வேண்டும்.