கண்மாய் வண்டல் போட்டும் நிலக்கடலை ஏமாற்றியது ஏன்?

கேள்வி: சிவகங்கை மாவட்டத்தில் 2 ஏக்கர் செவல் புன்செய், மானாவாரி. போன சித்திரையில் கண்மாயிலிருந்து ஏக்கருக்கு 40 டிராக்டர் டிப்பர் வண்டல் அடித்துப் பரப்பினேன். ஆடியில் கடலை விதைத்தேன். முளைப்பு இடைவெளி விட்டு வந்தது. மழைக்குப் பிறகு மேல்மண் ஓடு மாதிரி இறுகியது, சில இடத்தில் வெள்ளை பூத்தது. பிடுங்கும்போது காயில் பாதி மண்ணிலேயே தங்கிவிட்டது. வண்டல் போட்டதே தப்பா? இந்த வருடம் ஆட்டுக்கிடை மட்டும் போட்டால் போதுமா?

பதில்: வண்டல் போட்டது தப்பில்லை. போட்ட அளவும், கலக்காமல் விட்டதும், மண்ணை எந்த இடத்தில் தோண்டினார்கள் என்று பாராததும்தான் தப்பு.

முதலில் அளவு. ஒரு டிப்பர் சுமாராக ஒரு யூனிட், அதாவது 100 கன அடி. 40 யூனிட் என்றால் 113 கன மீட்டர். ஒரு ஏக்கரில் பரப்பினால் ஒரு அங்குலத்துக்குச் சற்று மேல் நிற்கும். அரசு இலவசமாக அனுமதிப்பதே புன்செய்க்கு ஏக்கருக்கு 90 கன மீட்டர், நன்செய்க்கு 75. ஒரு அங்குலக் களி ஆறு அங்குல ஆழத்துக்குச் செவலோடு கலந்திருந்தால் ஈரத்தைப் பிடித்து வைத்திருக்கும். மேலேயே தங்கினால் முதல் மழையில் கரைந்து பூசி, வெயிலில் ஓடாகிவிடும். அந்த ஓட்டைக் கிழித்து முளை வர முடியாது. பூத்த பிறகு மண்ணுக்குள் இறங்கிக் காயாக வேண்டிய விழுதும் உள்ளே போகாது. போய்க் காய்த்தாலும் களி காயை இறுக்கிப் பிடிக்கும், இழுத்தால் காம்பு அறும். உங்கள் காயில் பாதி மண்ணில் தங்கியது இதனால்தான்.

வெள்ளை பூத்த இடம் வேறு சங்கதி. அங்கே உப்போ, களரோ (சோடியம் மிகுந்து கெட்ட மண்) இருக்கலாம். இரண்டுக்கும் மருந்து வேறு என்பதால் பிரித்துப் பார்த்துவிட்டுத்தான் கை வைக்க வேண்டும். நன்றாகக் காய்ந்த வண்டல் கட்டி ஒன்றை, கடலைக்காய் அளவுக்கு எடுத்து, கண்ணாடி டம்ளரில் மழைத்தண்ணீர் ஊற்றி அதில் மெதுவாகப் போடுங்கள். கலக்கக் கூடாது. போர் தண்ணீரும் ஆகாது, அதில் இருக்கும் உப்பே களியைப் படிய வைத்து ஏமாற்றிவிடும். கட்டி உடைந்து அடியில் படிந்து, மேல் தண்ணீர் தெளிவாக நின்றால் களர் இல்லை. கட்டியைச் சுற்றிப் பால் மாதிரிப் பரவி, மறுநாள் வரை கலங்கியே இருந்தால் களர்.

கூடவே மண் பரிசோதனைக்கும் கொடுங்கள். வெள்ளை பூத்த இடத்தையும் நல்ல இடத்தையும் ஒன்றாகக் கலக்காமல் தனித்தனி மாதிரியாக எடுங்கள். ஒவ்வொன்றிலும் எட்டுப் பத்து இடங்களில் அரையடி ஆழம் வெட்டி, கலந்து, அரைக் கிலோ அனுப்பினால் போதும். கார அமில நிலை 8.5-க்கு மேல் வந்தால் ஜிப்சம் தேவைப்படும். எவ்வளவு என்பதை ஆய்வகத்தின் ஜிப்சம் தேவைக் கணக்கு சொல்லும், கண்மதிப்பில் போடாதீர்கள். கார அமில நிலை சரியாக இருந்து, உப்பின் அளவு (ஆய்வு அறிக்கையில் EC என்று இருக்கும்) மீட்டருக்கு 1 டெசிசைமனைத் தாண்டினால் ஜிப்சம் வீண் செலவு. வரப்பை உயர்த்தி மழைத்தண்ணீரை நிறுத்திக் கீழே இறக்கினால் உப்பு தானாகக் கரைந்து இறங்கும்.

இந்த வருடம் அந்த நிலத்தில் புது வண்டல் வேண்டாம். கோடை மழை ஈரத்தில் உளிக்கலப்பையோ ஐந்து கொத்துக் கலப்பையோ குறுக்கும் நெடுக்கும் ஓட்டி அரையடிக்குக் கலக்குங்கள். ஈரம் இருந்தால் ஏக்கருக்கு 20 கிலோ தக்கைப்பூண்டு விதைத்து, 45-வது நாள் பூக்கும்போது மடக்கி உழுங்கள். களரிலும் வளரக்கூடிய செடி அது. கடலையை ஒரு பட்டம் தள்ளி வைத்துக் குதிரைவாலியோ கம்போ போடுவதுதான் என் யோசனை. மறுபடி கடலைக்கு வரும்போது, மண் அணைக்கையில் ஈரம் பார்த்து ஏக்கருக்கு 160 கிலோ ஜிப்சம் செடியோரம் வையுங்கள். அது காய் திரள்வதற்காக, களருக்குச் சொன்னது வேறு கணக்கு.

இனி அடுத்த முறை வண்டல் எங்கே எடுப்பது? நம் ஆட்கள் கைவிட்ட அறிவு இதில்தான் இருக்கிறது. மாட்டுவண்டிக் காலத்தில் பங்குனி, சித்திரையில் கண்மாய் வற்றியதும் ஆயக்கட்டுக்காரர் ஒவ்வொருவரும் மேலாக மண்வெட்டியால் வழித்து எடுத்தார்கள். வயலுக்கும் சத்து போனது, கண்மாயும் ஆழம் குறையாமல் நின்றது. இப்போது ஜேசிபி ஒரே இடத்தில் குழி பறிக்கிறது. மடையின் அடிமட்டத்துக்குக் கீழே தோண்டிய குழியில் நிற்கும் தண்ணீர் ஒரு வயலுக்கும் ஏறாது. அடிக்களியைக் கிழித்து மணல் அடுக்கைத் தொட்டுவிட்டால் கண்மாய் ஒழுக ஆரம்பிக்கும். மழைக்காலத்தில் ஆடுமாடும் பிள்ளைகளும் விழுந்து சாவதும் இந்தக் குழிகளில்தான். இதை ஊர் கூடித் தடுக்க வேண்டும்.

வரத்துக்கால் வாயில் படிவது பருமணல், அது செவலுக்குப் பயன்படாது. உள்ளே போகப் போக மண் நயமாகும், மடைப்பக்கப் பள்ளத்தில் நல்ல களி படியும். கரையை ஒட்டி எடுக்கக் கூடாது, கரை பலம் இழக்கும். தள்ளி, பரவலாக, ஒரு அடிக்கு மேல் போகாமல் எடுங்கள். கருத்த மண் முடிந்து சுக்கானோ (சுண்ணாம்புக் கல்) செம்மண்ணோ தட்டினால் அதுதான் பழைய தரை, அங்கே நிறுத்திவிட வேண்டும். உமரி முளைத்த திட்டைத் தொடாதீர்கள், அங்கே உப்பு இருக்கும். உங்கள் ஊரில் மடை திறந்த அனுபவமுள்ள நீர்ப்பாய்ச்சி யாராவது இருந்தால் முதலில் அவரைக் கேளுங்கள். எந்தப் பக்கம் எந்த மண் என்று அவருக்குத் தெரியும்.

2024 முதல் தாசில்தார் அளவிலேயே அனுமதி கிடைக்கிறது, இணையத்தில் விண்ணப்பிக்கலாம். கடலை நிலத்துக்கு ஏக்கருக்கு 15 டிப்பர் போதும். போட்டு, முதல் மழையில் கட்டி உதிர விட்டு, கோரையும் களையும் முளைத்ததும் இரண்டு உழவு ஓட்டுங்கள். கரிசல் நிலத்துக்கு வண்டலே வேண்டாம், களிமேல் களி.

கிடையைப் பற்றிக் கேட்டீர்கள். வண்டலில் தழைச்சத்து குறைவு, அதைக் கிடை நிரப்பும். ஆனால் மேல்மண் ஓடாக இறுகுவதையும் உப்பையும் அது தீர்க்காது. எனவே மேலே சொன்ன உழவு முடிந்த பிறகு, விதைப்புக்கு முன்னால் கிடை வையுங்கள். படுக்க ஆட்டுக்கு ஒரு சதுர மீட்டர் என்றால் 500 உருப்படி ஒரு இரவில் ஏறக்குறைய 12 சென்ட் கிடக்கும், ஏக்கருக்கு எட்டு இரவு. கிடை போடும் மேய்ப்பரான கீதாரியிடம் முன்கூட்டியே பேசி, தினமும் பட்டியை மாற்றச் சொல்லுங்கள். கிடை நகர்ந்ததும் காலையிலேயே மேலோட்டமாக உழுதுவிடுங்கள். புழுக்கையைவிட மூத்திரத்தில் சத்து சீக்கிரம் பறந்துவிடும், வெயிலில் ஒரு நாள் கிடந்தாலே நஷ்டம். உழுத பின் ஒரு மழை கண்டு விதைத்தால் முளை கருகாது.

ஆடுகள் சீமைக்கருவேலங்காய் தின்று வந்திருக்கும். அதன் விதை செரிக்காமல் புழுக்கையோடு விழுந்து முளைக்கும். இரண்டு இலை விட்டதுமே பிடுங்கிவிடுங்கள், வேர் இறங்கிவிட்டால் கையால் வராது.