நிபுணர் ஆலோசனை: மூன்றாவது மணிக்குப் பிறகு

கேள்வி: நாங்கள் சிட்னியின் மேற்குப் பகுதியில் இருக்கிறோம். என் மகனுக்கு 20 வயது. 12 வயதிலிருந்து குத்துச்சண்டை பழகுகிறான். 60 கிலோ பிரிவில் 50-க்கும் மேற்பட்ட அமெச்சூர் போட்டிகள் ஆடியிருக்கிறான், மாநிலப் பட்டமும் வாங்கியிருக்கிறான். இப்போது, தொழில்முறைச் சண்டைகளை ஏற்பாடு செய்யும் ஒரு புரொமோட்டர் மூன்று வருட ஒப்பந்தத்தோடு வந்திருக்கிறார். மகனுக்கு உடனே கையெழுத்துப் போட ஆசை. அவனுடைய கோச், 2028 ஒலிம்பிக் வரை பொறுத்துப் பார்க்கலாம் என்கிறார். எலக்ட்ரீஷியன் அப்ரண்டிஸ்ஷிப் முடிய இன்னும் ஒரு வருடம் இருக்கிறது, அதையும் விட்டுவிடவா என்று கேட்கிறான். எனக்கு இந்த உலகம் தெரியாது. எதைப் பார்த்து முடிவெடுப்பது? அவன் சண்டைக்கு நான் போய் உட்காரலாமா?

அன்புள்ள சகோதரிக்கு,

கையெழுத்து இந்த மாதமா, இரண்டு வருடம் கழித்தா என்பதைவிட எனக்குப் பெரிதாகப் படுவது வேறு ஒன்று. கையெழுத்துக்குப் பிறகு உங்கள் மகனுக்கு எதிராளியைத் தேர்ந்தெடுக்கப் போகிறவர் யார்? அவன் கார்னரில், அதாவது சுற்றுகளுக்கு நடுவே அவன் வந்து உட்காரும் மூலையில், நிற்கப் போகிறவர் யார்? பக்கெட்டும் துண்டுமாகப் பல வருடம் கார்னரில் நின்றவன் நான். ரிங்குக்குள் நடப்பதில் பாதி, இந்த இரண்டு பேரும் முன்கூட்டியே எடுத்த முடிவுதான்.

நான் பழக்கிய ஒரு பையனின் முதல் தொழில்முறைச் சண்டை எனக்கு இன்றும் கண்ணில் நிற்கிறது. சிட்னியில் ஒரு கிளப் ஹால், நாலு சுற்று. மூன்று சுற்றையும் அழகாக ஆடினான். மூன்றாவது சுற்று முடிந்து மணி அடித்ததும் இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு எதிராளியைக் கட்டிப்பிடிக்கப் போனான். ரெஃப்ரி அவன் தோளைப் பிடித்து எங்கள் பக்கம் திருப்பி அனுப்பினார். ஸ்டூலில் வந்து உட்கார்ந்தபோது பார்த்தால், வாயிலிருந்த மவுத்கார்டை அவனே கழற்றிக் கையில் வைத்திருக்கிறான். இன்னும் ஒரு சுற்று இருக்கிறது என்பது அவன் மூளைக்குத் தெரியும். உடம்புக்குத் தெரியவில்லை. எட்டு வருடமாக மூன்று சுற்றுக்கே பழகிய உடம்பு அடுப்பை அணைத்துவிட்டது. நாலாவது சுற்றில் விலாவுக்குக் கீழே ஒரு இடது ஹூக், வளைத்து வீசும் குத்து, விழுந்தது. ஒரு முழங்காலில் உட்கார்ந்தான், எட்டு எண்ணும்வரை எழுந்திருக்கவில்லை. முதல் மூன்று சுற்றுப் புள்ளிகளால்தான் ஜெயித்தான். அவனை நாலாவது சுற்றுக்குத் தயார் செய்யாதது என் தவறு. ஸ்பாரிங்கில், அதாவது பயிற்சிச் சண்டையில், ஆறு சுற்று ஓட்டாமல் இப்போது யாரையும் நான் அனுப்புவதில்லை.

அமெச்சூரில் மூன்று நிமிடம் வீதம் மூன்று சுற்று. அந்த ஒன்பது நிமிடத்தில் கையில் இருப்பதையெல்லாம் கொட்டிவிட வேண்டும். உள்ளே போய் நாலு அடி, வெளியே வா, மறுபடி உள்ளே போ. தொழில்முறையில் 4 சுற்றில் தொடங்கி 6, 8, 10 என்று ஏற வேண்டும். உலகப் பட்டம் என்றால் 12 சுற்று. அங்கே வயிற்றிலும் விலாவிலும் கொடுக்கும் அடி கடன் கொடுத்த மாதிரி, எட்டாவது சுற்றில் வட்டியோடு வசூலாகும். காலை ஊன்றி நின்று குத்தவும், நெருக்கத்தில் தோளோடு தோள் சாய்ந்து சண்டை போடவும், மூச்சை மிச்சம் பிடிக்கவும் உங்கள் மகன் புதிதாகக் கற்றுக்கொள்ள வேண்டும். ஹெட்கார்டு இல்லாமல் ஆடுவதுதான் பெரிய மாற்றம் என்று யாராவது சொன்னால் அது பழைய கதை. சர்வதேச அமெச்சூர் போட்டிகளில் 2013-லிருந்தே ஆண்கள் பெரியவர் பிரிவில் ஹெட்கார்டு கிடையாது. கையுறைதான் மாறும். அவன் எடைக்கு அமெச்சூரில் 10 அவுன்ஸ், தொழில்முறையில் 8 அவுன்ஸ். இரண்டு அவுன்ஸ்தானே என்று தோன்றும். முதல் அடி வாங்கியதும் வித்தியாசம் புரியும்.

இதைவிட நான் பயப்படுவது எடை விஷயத்துக்குத்தான். அமெச்சூரில் சண்டை நாளன்று காலையில் எடை பார்ப்பார்கள். அதனால் யாரும் உடம்பை ரொம்ப வற்ற விட முடியாது. தொழில்முறையில் முந்தைய நாளே எடை பார்த்துவிடுவார்கள். இடையில் ஒரு நாள் கிடைப்பதால், தண்ணீரைக் குறைத்து, வியர்வை சூட் போட்டு, சானாவில் உட்கார்ந்து, கிலோ கிலோவாக இறக்கிவிட்டு அப்புறம் குடித்து ஏற்றிக்கொள்ளலாம் என்ற ஆசை வரும். தண்ணீர் வற்றிய உடம்போடு தலையில் அடி வாங்குவது ஆபத்து. உங்கள் மகனுக்கு 60 கிலோ இயல்பாக வருகிறது என்றால் தொழில்முறை லைட்வெயிட்டின் 61.2 கிலோ அவனுக்குத் தாராளமாகப் போதும். “இரண்டு பிரிவு கீழே இறங்கினால் நீ ராட்சசன்” என்று எவராவது சொன்னால், அந்த ஆளிடம் பையனை ஒப்படைக்காதீர்கள்.

இனி அவசரம். புரொமோட்டர்கள் பெரும்பாலும் ஜெஃப் ஃபெனெக்கின் கதையைச் சொல்வார்கள். கதை உண்மைதான். 1984 லாஸ் ஏஞ்சலஸ் ஒலிம்பிக் காலிறுதியில் நடுவர்கள் அவருக்குக் கொடுத்த வெற்றியை மேல் ஜூரி பறித்தது. அந்த ஆத்திரத்தோடு அதே ஆண்டு அக்டோபரில் தொழில்முறைக்கு மாறினார். 1985 ஏப்ரலில், ஏழாவது சண்டையிலேயே, சிட்னியில் சடோஷி ஷிங்காகியை வீழ்த்தி, உலகப் பட்டம் தரும் அமைப்புகளில் ஒன்றான ஐபிஎஃப்பின் பாண்டம்வெயிட் பட்டத்தை எடுத்தார். ஆனால் அவர் கார்னரில் ஜானி லூயிஸ் இருந்தார். பிறகு கோஸ்ட்யா ஸ்யூவையும் உருவாக்கியவர் அவர்தான். 1991-இல் சிட்னியிலேயே அமெச்சூர் உலகப் பட்டம் வென்று, மறு ஆண்டு ரஷ்யாவிலிருந்து ஆஸ்திரேலியாவுக்குக் குடியேறியவர் கோஸ்ட்யா. அத்தனை அனுபவம் இருந்தும் உலகப் பட்டத்துக்கு 1995 ஜனவரி வரை காத்திருந்தார்.

ஜெஃப் ஹார்ன் பிரிஸ்பேனில் பள்ளி ஆசிரியராக இருந்தவர். 2012 லண்டன் ஒலிம்பிக்கில் காலிறுதி வரை போனார், 2013-இல் தொழில்முறைக்கு வந்தார். நாலு வருடம் கழித்து, 2017 ஜூலையில், சன்கார்ப் ஸ்டேடியத்தில் 50,000-க்கும் மேற்பட்ட கூட்டத்தின் முன் உலக சாம்பியன் மேனி பாக்கியாவைத் தோற்கடித்தார். ஜெய் ஒபெட்டாயா 17 வயதில் அதே லண்டன் ஒலிம்பிக்கில் ஆடியவர். அவர் தொழில்முறைக்கு வந்தது 2015-இல். 2022-இல்தான் உலகப் பட்டம், அதுவும் தாடை உடைந்த நிலையில் 12 சுற்றும் ஆடி. ஃபெனெக் விதிவிலக்கு. உங்கள் மகனுக்கு ஹார்னும் ஒபெட்டாயாவும் நடந்த வழியைக் காட்டுங்கள்.

ஒலிம்பிக்குக்குப் பொறுக்கலாமா? ஒரு காலத்தில் தொழில்முறைக்குப் போனால் ஒலிம்பிக் கதவு அடைபட்டுவிடும். 2016-இல் அந்தத் தடை போனது. ஹாரி கார்சைடு டோக்கியோ ஒலிம்பிக்கில் வெண்கலம் வென்றார். 1988-க்குப் பிறகு ஆஸ்திரேலியக் குத்துச்சண்டைக்குக் கிடைத்த முதல் ஒலிம்பிக் பதக்கம் அது. பிறகு தொழில்முறைச் சண்டைகள் ஆடிவிட்டு, 2024 பாரிஸுக்குத் திரும்பி வந்தார். முதல் சண்டையிலேயே தோற்றார். கதவு திறந்திருக்கிறது என்பதற்கும், திரும்பி நுழைவது சுலபமில்லை என்பதற்கும் அவரே சாட்சி.

இரண்டையும் ஒரே நேரத்தில் ஆட நினைத்து அடிபட்டவர் ஹெவிவெயிட் ஜஸ்டிஸ் ஹூனி. 2019 உலக அமெச்சூர் போட்டியில் வெண்கலம் வென்றவர், டோக்கியோவுக்கும் தேர்வானவர். 2021 ஜூனில், ஒலிம்பிக்குக்குச் சில வாரங்களே இருக்கும்போது, முன்னாள் ரக்பி லீக் வீரர் பால் கேலனுடன் தொழில்முறைச் சண்டை ஆடினார். ஜெயித்தார். கையில் காயம், டோக்கியோ போய்விட்டது. அந்த இளைஞனை நினைத்தால் எனக்கு இன்னும் மனசு ஆறவில்லை.

2028 லாஸ் ஏஞ்சலஸில் குத்துச்சண்டை இருக்குமா என்பதே கொஞ்ச காலம் கேள்விக்குறியாக இருந்தது. 2025 மார்ச்சில்தான் சேர்த்தார்கள். என் யோசனை இது: உங்கள் மகன் தேசிய அணிக்கு இதுவரை தேர்வாகாவிட்டாலும், அதற்குக் கிட்டத்தில் இருந்தால், இன்னும் ஒரு தேசியப் போட்டி ஆடட்டும். வெளிநாட்டு வீரர்களோடு மோதும் முகாம்கள், பயணங்கள் எல்லாம் அமெச்சூரில்தான் கிடைக்கும். அந்தப் படிப்புக்குத் தொழில்முறையில் அடி வாங்கித்தான் கட்டணம் கட்ட வேண்டும். தேசிய அளவில் முதல் மூன்று நாலு பேருக்குள் வரவில்லை, வரும் அறிகுறியும் இல்லை என்றால் 2028-க்காக அவனைக் கட்டிப்போட வேண்டாம். எப்படி இருந்தாலும், தொழில்முறைக்கு மாறியவர் மீண்டும் தேர்வுப் போட்டிக்கு வர இப்போது என்ன விதி என்பதைக் கையெழுத்துக்கு முன்பே, அமெச்சூர் குத்துச்சண்டையின் தேசிய அமைப்பான பாக்சிங் ஆஸ்திரேலியாவிடம் எழுத்தில் கேட்டு வாங்குங்கள்.

சரி, அந்த ஒப்பந்தம். மூன்று வருடம் என்பது பெரும்பாலும் மூன்று வருடமாக இருக்காது. உள்ளே “காயத்தால் ஆடாத காலம் சேர்க்கப்படாது” என்று ஒரு வரி இருக்கும். “பட்டம் வென்றால் மேலும் இரண்டு வருடம் நீட்டிக்கும் உரிமை புரொமோட்டருக்கு” என்று இன்னொரு வரி இருக்கும். இரண்டும் சேர்ந்தால் ஆறு வருடம் ஓடிவிடும். வருடத்துக்கு எத்தனை சண்டை கட்டாயம் தருவார்கள், தராவிட்டால் விலகலாமா, மருத்துவப் பரிசோதனைச் செலவு யாருடையது என்று பாருங்கள். எல்லாவற்றுக்கும் மேலாக, புரொமோட்டரும் மேனேஜரும் ஒரே ஆளா என்று பாருங்கள். புரொமோட்டரிடம் பேரம் பேசி நல்ல தொகை வாங்கித் தர வேண்டியவர்தான் மேனேஜர். இரண்டு நாற்காலியிலும் ஒருவரே உட்கார்ந்தால் பையனுக்காகப் பேச ஆளில்லை. விளையாட்டு ஒப்பந்தம் பார்க்கும் வக்கீல் ஒருவரிடம் காட்டுங்கள். அவரை நீங்களே தேடுங்கள், புரொமோட்டர் கைகாட்டுபவர் வேண்டாம்.

எதிராளி விஷயத்துக்கு வருகிறேன். அமெச்சூரில் சீட்டுக் குலுக்கலில் யார் வந்தாலும் ஆடித்தான் ஆக வேண்டும். தொழில்முறையில் “வேண்டாம்” என்று சொல்லும் உரிமை இருக்கிறது, அதைப் பயன்படுத்தத்தான் ஆள் தேவை. கோஸ்ட்யாவின் மகன் டிம் ஸ்யூவை எடுத்துக்கொள்ளுங்கள். 2024 மார்ச்சில் லாஸ் வேகஸில் கீத் தர்மனோடு சண்டை என்று தயாரானார். இரண்டு வாரம்கூட இல்லாத நேரத்தில் தர்மன் காயத்தால் விலக, அந்த இடத்துக்கு செபாஸ்டியன் ஃபண்டோரா வந்தார். ஆறரை அடியைத் தொடும் உயரம், இடது கைக்காரர். தர்மனுக்கு நேர் எதிரான உடம்பு. ஸ்யூ ஒத்துக்கொண்டார். இரண்டாவது சுற்றில் ஃபண்டோராவின் முழங்கை பட்டுத் தலை கிழிந்தது, கண்ணில் ரத்தம் வழிய 12 சுற்றும் ஆடி, நடுவர்கள் மூவரில் இருவர் எதிராளிக்குக் கொடுத்த பிளவுபட்ட தீர்ப்பில் தோற்றார், கையிலிருந்த உலகப் பட்டமும் போனது. அவருடைய துணிச்சலை நான் மதிக்கிறேன். ஆனால் அந்த மாதிரி நேரத்தில் வேண்டாம் என்று சொல்லத் தெரிந்த ஒருவர் உங்கள் மகனுக்கு இருக்க வேண்டும். புரொமோட்டரிடம் முதல் நாலு எதிராளிகள் எப்படிப்பட்டவர்கள் என்று கேளுங்கள். பெயர் சொல்ல முடியாவிட்டாலும் திட்டம் சொல்ல முடிய வேண்டும்: ஒருவர் உயரமானவர், ஒருவர் இடது கைக்காரர், ஒருவர் முட்டி மோதி வருபவர் என்று. எல்லோரும் தோற்பதற்கென்றே வருபவர்கள் என்றால் ரெக்கார்டு பளபளக்கும், பையன் எதையும் கற்க மாட்டான்.

அப்ரண்டிஸ்ஷிப்பை விடக் கூடாது. இதில் எனக்கு இரண்டாவது யோசனையே இல்லை. நாலு சுற்றுச் சண்டைக்குக் கிடைப்பதில் கோச்சுக்கும் மேனேஜருக்கும் பங்கு போக, பல இடங்களில் டிக்கெட்டையும் பையன்தான் விற்றுக் கொடுக்க வேண்டியிருக்கும். மாமா, சித்தப்பா, வேலை பார்க்கும் இடம் என்று எல்லோரிடமும் டிக்கெட்டோடு நிற்பான். கார்சைடு பிளம்பர், ஹார்ன் வாத்தியார். வீட்டு வாடகைக்கு வேறு வழி உள்ள பையனால்தான் தப்பான சண்டையை வேண்டாம் என்று சொல்ல முடியும்.

கடைசிக் கேள்விக்கு: போய் உட்காருங்கள். உங்கள் மாநிலமான நியூ சவுத் வேல்ஸில் தொழில்முறை வீரர்கள் காம்பாட் ஸ்போர்ட்ஸ் அத்தாரிட்டி என்ற அரசு அமைப்பில் பதிவு செய்ய வேண்டும். உடல் பரிசோதனையும் எச்ஐவி, ஹெபடைட்டிஸ் பி, சி ரத்தப் பரிசோதனைகளும் உண்டு. சண்டைக்கு முன்னும் பின்னும் மருத்துவர் பார்ப்பார். இத்தனை இருந்தும் 2015 செப்டம்பரில் சிட்னியின் இங்கிள்பர்னில் டேவி பிரவுன் என்ற வீரர் 12-ஆவது சுற்றில் விழுந்து, பிறகு இறந்தார். 11-ஆவது சுற்று முடிந்ததோடு அந்தச் சண்டையை நிறுத்தியிருக்க வேண்டும் என்றது மரண விசாரணை. அதனால்தான் கார்னரில் யார் என்று திரும்பத் திரும்பக் கேட்கிறேன். இந்தக் கோச் எப்போதாவது துண்டை வீசிச் சண்டையை நிறுத்தியிருக்கிறாரா என்று கேளுங்கள். “என் பையன்கள் அப்படி இல்லை” என்று நெஞ்சை நிமிர்த்திப் பதில் சொல்பவர் வேண்டாம். எந்தச் சண்டை, எந்தச் சுற்று, ஏன் நிறுத்தினேன் என்று சொல்பவர் வேண்டும்.

உங்கள் மகனுடைய கார்னர் கண்ணுக்குத் தெரிகிற இடமாகப் பார்த்து உட்காருங்கள். அன்றிரவு அவன் ஜெயித்திருந்தாலும் தனியாகத் தூங்க விடாதீர்கள். தலைவலி கூடிக்கொண்டே போனாலோ, வாந்தி எடுத்தாலோ, பேச்சு குழறினாலோ, கேட்டதையே திரும்பக் கேட்டாலோ, எழுப்பினால் சரியாக எழாவிட்டாலோ, களைப்பு, காலையில் சரியாகிவிடும் என்று இருக்க வேண்டாம். யாரிடமும் அனுமதி கேட்காமல் அவசர உதவி எண் 000-ஐ அழையுங்கள். குத்துச்சண்டையில் தலையில் அடி வாங்கியிருக்கிறான் என்பதை முதல் வரியிலேயே சொல்லுங்கள்.