தனி ஆளாக, ஏஐ கருவிகளை வைத்து ஒரு நகைச்சுவை கார்டு கேம் செய்ய முடியுமா?

முடியும். கல்யாண மண்டபத்தில் பந்திக்கு இடம் பிடிப்பதை வைத்து நான் ஒரு கார்டு கேம் செய்திருக்கிறேன். நான்கைந்து பேர் விளையாடலாம், அரை மணி நேரத்தில் முடிந்துவிடும். விதி, படம், அச்சு வேலை எல்லாவற்றுக்கும் நான் ஒரே ஆள், பக்கத்தில் ஏஐ. எந்த வேலையை அதனிடம் கொடுக்கலாம், எதைக் கொடுக்கக் கூடாது என்பதைத் தெரிந்துகொண்டால் பாதி வேலை முடிந்த மாதிரி.

கொடுக்கக் கூடாதது நகைச்சுவை. "கல்யாண வீட்டை வைத்து ஐம்பது சிரிப்பு கார்டு எழுது" என்று கேட்டால் உடனே கொட்டும். படித்துப் பார்த்தால் மாமியார்-மருமகள் சண்டை, சாம்பாரில் உப்பு, காலி மொய்க் கவர் என்று எல்லாரும் கேட்டுச் சலித்தவைதான். அடுத்து எந்தச் சொல் வர வாய்ப்பு அதிகமோ அந்தப் பக்கம் சாய்வதுதான் எழுதித் தரும் ஏஐயின், அதாவது மொழி மாதிரிகளின், இயல்பு. சிரிப்பு வருவதோ எதிர்பாராத இடத்தில். பேச்சுத் தமிழில் எழுதச் சொன்னால் இன்னொரு சிக்கல்: "ஏனுங்க"வும் "ஏலே"வும் ஒரே ஆள் வாயில் வரும். அப்படி ஒரு ஆளை எந்த ஊர்க் கல்யாணத்திலும் பார்க்க முடியாது.

அதைவிட முக்கியமானது ஒன்று இருக்கிறது. கார்டில் எழுதிய வரி ஒரு முறைதான் சிரிக்க வைக்கும். இரண்டாவது ஆட்டத்தில் அதை யாரும் படிக்கக்கூட மாட்டார்கள். ஒவ்வொரு ஆட்டத்திலும் சிரிப்பு வர வேண்டுமானால் அது விதிக்குள் இருக்க வேண்டும். என் கேமில் 'துண்டு' என்று ஒரு கார்டு. காலி நாற்காலி மேல் போட்டால் இடம் உங்களுடையது. ஆனால் அடுத்த சுற்றுக்குள் வந்து உட்காராவிட்டால் யார் வேண்டுமானாலும் துண்டைத் தூக்கி எறியலாம். இன்னொன்று 'என்னைத் தெரியுதா?' கார்டு. போட்டவர் தூரத்துச் சொந்தக்காரர் ஆகிவிடுவார். எதிரில் இருப்பவர் உடனே ஒரு உறவுமுறை சொல்லி, அது எந்த வழியில் என்று விளக்க வேண்டும். "எங்க அத்தையோட நாத்தனார் மருமகன்..." என்று ஆரம்பித்து நடுவில் திணறினால் வரிசையில் கடைசிக்குப் போக வேண்டியதுதான். அந்தக் கார்டில் இருப்பது இரண்டே சொல். மேசையில் அதிகம் சிரிப்பு வருவது அதற்குத்தான், ஏனென்றால் பதில் ஒவ்வொரு முறையும் வேறு. இப்படி ஒரு விதி மண்டபத்து வாசலில் மாட்டிக்கொண்டு முழித்த ஆளுக்குத்தான் தோன்றும்.

சரி, ஏஐ எதற்கு? விதியில் ஓட்டை கண்டுபிடிக்க அதைப்போல ஒரு துணை கிடையாது. முழு விதியையும் கொடுத்து, சண்டை போடுவதற்கென்றே விளையாட வந்தவன் போலக் கேள்வி கேள் என்றேன். இரண்டு பேர் ஒரே நாற்காலிக்குத் துண்டு போட்டால்? இலை போட்ட பிறகு 'போட்டோகிராபர் கூப்பிடுறார்' கார்டு செல்லுமா? நண்பர்கள் பல ஆட்டம் ஆடிய பிறகு கேட்கும் கேள்விகள் ஒரே மாலையில் வந்துவிட்டன. அப்புறம் பைத்தான் என்ற நிரல்மொழியில் ஒரு சின்ன நிரல் எழுதச் சொல்லி, கணினியையே ஆயிரக்கணக்கான ஆட்டம் ஆட விட்டேன். முதலில் ஆடுபவர் அளவுக்கு மீறி ஜெயிப்பது தெரிந்தது. அவருக்கு ஒரு கார்டு குறைத்துக் கொடுத்ததும் சமநிலை வந்தது. நிரல் எண்ணிக்கையைத்தான் சொல்லும். சிரிப்பைச் சோதிக்க, உங்களைத் தெரியாத நாலு பேரிடம் விதித் தாளை மட்டும் கொடுத்துவிட்டு, பக்கத்தில் வாய் திறக்காமல் உட்கார வேண்டும்.

படத்தில் என் முடிவு: மண்டபம், வாழையிலை, கார்டின் பின்பக்கம் ஏஐ, முகங்கள் என் கைக்கோடு. 2015-இல் 'எக்ஸ்ப்ளோடிங் கிட்டன்ஸ்' என்ற பூனைக் கார்டு கேம், பொதுமக்களிடம் முன்பணம் திரட்டும் கிக்ஸ்டார்ட்டர் தளத்தில் 87 லட்சம் டாலருக்கு மேல் திரட்டியது. அந்தப் பூனைகளை வரைந்த மாத்யூ இன்மனின் கோணல் கோட்டில் ஒரு மனிதரின் குணம் தெரியும். நகைச்சுவைக்கு அந்தக் குணம் வேண்டும். உரிமையும் ஒரு காரணம். அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகம் 2023 பிப்ரவரியில் ஒரு காமிக்ஸ் பற்றிச் சொன்ன முடிவில், எழுத்துக்கும் தொகுப்புக்கும் உரிமை உண்டு, ஏஐ தந்த தனித்தனிப் படங்களுக்குக் கிடையாது என்றது. கிக்ஸ்டார்ட்டரும் 2023 ஆகஸ்ட் முதல் ஏஐ பயன்பாட்டை வெளிப்படையாகச் சொல்லச் சொல்கிறது. கேட்காவிட்டாலும் பெட்டியில் எழுதிவிடுங்கள். காசு கொடுத்து வாங்குபவருக்கு அது தெரிய வேண்டும்.

படத்துக்குள் தமிழ் எழுத்தை ஏஐயை எழுத விடாதீர்கள், கொம்பும் காலும் இடம் மாறும். எழுத்தில்லாத படம் வாங்கி, இன்க்ஸ்கேப் என்ற இலவச வரைகலை மென்பொருளில் நோட்டோ சான்ஸ் தமிழ் போன்ற திறந்த எழுத்துருவில் நீங்களே போடுங்கள். வழக்கமான கார்டு அளவு 63 × 88 மி.மீ., நான்கு பக்கமும் 3 மி.மீ. வெட்டு விளிம்பு (வெட்டும்போது போகும் கூடுதல் ஓரம்), படத்தின் நுணுக்கம் 300 டிபிஐ (ஒரு அங்குலத்துக்கு 300 புள்ளி). நிறத்தை அச்சு மைகளுக்கான சிஎம்ஒய்கே முறைக்கு மாற்றிப் பாருங்கள். திரையில் பளிச்சென்று இருக்கும் வாழையிலைப் பச்சை அச்சில் மங்கிவிடும்.

அச்சகத்துக்கு அவசரப்பட வேண்டாம். ஏ4 தாளில் அச்செடுத்து வெட்டி, பழைய சீட்டோடு சேர்த்துப் பிளாஸ்டிக் உறையில் சொருகினால் ஆடிப் பார்க்க அது போதும். விதி மாறுவது நின்ற பிறகு அச்சுக்குக் கொடுங்கள்.