கேள்வி மேடை: ஊமைவெள்ளி

தட்டினால் ஓசையே எழாத, கிடைத்தற்கரிய ஓர் உலோகம். பெயர் ஊமைவெள்ளி. இதை வைத்து ஒரு மாயாஜாலக் கதை எழுதுங்கள் என்று போன இதழில் கேட்டிருந்தோம். கதைகளுக்கு முன்னால் கேள்விகள் வந்துவிட்டன, பெரும்பாலும் வடசென்னையிலிருந்து.

கே: என் கதாநாயகனின் ஊமைவெள்ளி வாள் இறகு மாதிரி லேசானது. ஒரே வீச்சில் இரும்புக் கவசத்தைப் பிளக்கிறான். சரிதானே? – வாசகர், தண்டையார்பேட்டை

ப: வாளைக் கனமாக்குங்கள், இல்லையென்றால் கவசத்தை விட்டுவிடுங்கள். வேகத்தோடு எடையும் சேர்ந்தால்தான் வெட்டு விழும். ஒற்றைக் கை வாள் எஃகில் 1.1 கிலோ என்று வைத்துக்கொள்வோம். அதே வடிவம் டைட்டானியத்தில் 630 கிராம், அலுமினியத்தில் 380 கிராம். அந்த 380 கிராமைக் கொண்டு அடித்தால் கவசம் சிரிக்கும். லேசான உலோகத்துக்கு ஏற்ற இடம் உடம்பு. 10 கிலோ இரும்பு வளையச் சட்டை, அலுமினிய எடையில் மூன்றரைக் கிலோதான். படகிலிருந்து தவறி விழுந்தாலும் கரைசேர வாய்ப்பாவது இருக்கும்.

கே: இரண்டு ஊமைவெள்ளி வாள்கள் மோதினால் சத்தம் வராது. அந்தச் சத்தம் எங்கே போகும்? – வாசகி, வியாசர்பாடி

ப: வந்ததிலேயே அருமையான கேள்வி. அதிர்வுதான் ஓசை; அதை உலோகம் உள்ளேயே விழுங்கினால் சூடாக மாறும். மணி வார்க்கும் வெண்கலத்தில் செம்பு சுமார் 78 பங்கு, வெள்ளீயம் 22 பங்கு. அதிர்வை நெடுநேரம் விடாமல் பிடித்துவைக்கும் கலவை அது. ஈயத்தைத் தட்டினால் 'தொப்' என்பதோடு சரி. மாங்கனீசும் செம்பும் கலந்த சில கலவைகள் வலுவாகவும் இருக்கும், அதிர்வையும் விழுங்கும். அதனால் ஊமைவெள்ளியை முழுக்க மாயம் என்று தள்ளிவிட முடியாது.

எவ்வளவு சூடு என்பதில்தான் பலர் வழுக்குகிறார்கள். 1 கிலோ சுத்தியல் நொடிக்கு 5 மீட்டர் வேகத்தில் விழுந்தால் 12.5 ஜூல். அது அத்தனையும் 1 கிலோ எஃகு வாளுக்குள் இறங்கினால்கூட 0.03 டிகிரி ஏறாது. நூறு அடி அடித்தாலும் மூன்று டிகிரி வராது. 'மோதி மோதி வாள் பழுத்தது' என்று எழுதிவிடாதீர்கள். மாயம் வேண்டுமென்றால் இந்த இடத்தில் கணக்கை உடைக்கலாம்: விழுங்கிய ஓசையையெல்லாம் வாள் சேர்த்து வைத்திருக்கிறது, உடைகிற அன்று மொத்தமாகக் கக்குகிறது.

கே: ஊமைவெள்ளி ஏன் அபூர்வம்? எரிமலைக்குள் ஒரே ஒரு துண்டு என்று வைத்திருக்கிறேன். – வாசகர், கொருக்குப்பேட்டை

ப: பிரிக்கத் தெரியாவிட்டால், மலிந்து கிடப்பதும் அபூர்வம்தான். பூமியின் மேலோட்டில் எடைக்கு சுமார் 8 சதவீதம் அலுமினியம். ஆனாலும் 1884-இல் வாஷிங்டன் நினைவுத் தூணின் உச்சிக்கு, விலையுயர்ந்த பொருளென்று 2.8 கிலோ அலுமினியத்தை வார்த்து வைத்தார்கள். 1886-இல் மின்சாரத்தால் பிரிக்கும் முறை வந்தது. பிறகு அது சோற்றுக் குண்டானாகிவிட்டது. மணவாளக்குறிச்சிக் கடற்கரையின் கறுப்பு மணலில் டைட்டானியம் இருக்கிறது. கரியோடு போட்டுச் சுட்டால் இரும்பு போல இறங்கி வராது, கார்பைடாகிக் கெடும். குளோரினும் மக்னீசியமும் தேவை. எரிமலையை விட்டுவிடுங்கள். ஊரே மிதித்து நடக்கும் மணல், அதைப் பிரிக்கத் தெரிந்த ஒரே ஒரு குடும்பம் என்று வையுங்கள். கதை தானாக நடக்கும்.

கே: கொல்லன் துருத்தி ஊதி, ஊமைவெள்ளியைத் திறந்த உலையில் உருக்கி வாளாக வார்க்கிறான். தப்பு உண்டா? – வாசகர், ராயபுரம்

ப: வெண்கல வாளை வார்க்கலாம், எஃகு வாளை அடித்துத்தான் நீட்ட வேண்டும். திறந்த உலையில் உருகும் உலோகம் காற்றைக் குடித்துக் கெடவும் செய்யும். நம் பக்கத்து உருக்கு முறையைக் கடன் வாங்குங்கள். தேனிரும்பை (கரி மிகக் குறைந்த, மென்மையான இரும்பு) துண்டாக்கி, காய்ந்த ஆவாரை விறகோடு களிமண் மூசையில் (உருக்கும் குடுவை) இட்டு, எருக்க இலையால் மூடி, வாயைக் களிமண்ணால் பூசி உலர்த்துவார்கள். இருபதுக்கும் மேற்பட்ட மூசைகளை உலையில் அடுக்கி, இரண்டரை மணி நேரம் விடாமல் ஊதுவார்கள். விறகின் கரி சுமார் 1.5 சதவீதம் இரும்பில் ஏற, உருகுநிலை இறங்கும். ஆறிய பிறகே மூசையை உடைப்பது. கட்டியின் தலையில் நடுவிலிருந்து ரேகை ஓடியிருந்தால் நன்றாக உருகியது; கரடுமுரடாக இருந்தால் அரைவேக்காடு.

அடுத்து அடிக்கும்போதுதான் கோட்டை விடுவார்கள். மங்கிய சிவப்பைத் தாண்டி மஞ்சளாகக் காய்ச்சினால், சுத்தியலுக்கு அடியில் வெல்லக்கட்டி போல உதிரும்.

கே: காந்தம் ஒட்டுமா? – வாசகி, திருவொற்றியூர்

ப: உங்கள் விருப்பம். சாதாரண வெப்பத்தில் நன்றாக ஒட்டும் தனிமங்கள் இரும்பு, நிக்கல், கோபால்ட் ஆகிய மூன்றே. கடோலினியம் என்ற உலோகத்திலும் ஒட்டும், ஆனால் வெப்பம் சுமார் 20 டிகிரிக்குக் கீழே போக வேண்டும். திருவொற்றியூரில் மார்கழி விடியலும் போதாமல் போகலாம்.

கே: கதையைக் குறும்படமாக எடுக்கிறோம். பெயிண்ட் அடிக்காமல், ஊதாவாக மின்னும் வாள் வேண்டும். – வாசகர், காசிமேடு

ப: எஃகைச் சூடாக்கினால் மேலே படியும் மெல்லிய ஆக்சைடு படலமே அந்த நிறத்தைக் காட்டும். 2 மி.மீ. சாதாரண இரும்புத் தகடு வாங்கி வெட்டி, விளிம்பை மழுக்கிவிடுங்கள். ஜி.ஐ. தகடு வேண்டவே வேண்டாம். அதன் துத்தநாகப் பூச்சு எரிந்து வரும் வெள்ளைப் புகை காய்ச்சலில் படுக்க வைக்கும். 120, 240, 400, 600 என்று வரிசையாக உப்புத்தாள் தேய்த்து, அசிட்டோனால் துடையுங்கள். காற்றோட்டமான இடத்தில், அடுப்பிலிருந்து தள்ளியே துடைக்க வேண்டும். அசிட்டோன் சட்டென்று தீப்பிடிக்கும். அதன்பின் விரல் படக்கூடாது, ரேகை அப்படியே நிறத்தில் தெரியும்.

இரும்புத் தட்டில் 2 அங்குலம் காய்ந்த மணல் பரப்பி, அடுப்பில் ஏற்றி, மேலே தகட்டை வையுங்கள். 220 டிகிரி வாக்கில் வைக்கோல் மஞ்சள், 260-இல் பழுப்பு, 280-இல் ஊதா, 300-இல் நீலம். அதற்கு மேல் சாம்பல் நிறம்தான். திரும்பத் தேய்த்து முதலிலிருந்து வர வேண்டும். கூர்முனை முதலில் சூடேறும் என்பதால் அதை மணலுக்கு வெளியே நீட்டி வைத்து, கடைசியில் உள்ளே தள்ளுங்கள். ஊதா தலைகாட்டியதும் குறடால் எடுத்துத் தண்ணீரில் முக்குங்கள், தாமதித்தால் கண்ணெதிரே நீலமாகிவிடும்.

இந்தப் படலம் துருவைத் தடுக்காது. உங்கள் ஊர் உப்புக்காற்றுக்கு அன்றைக்கே நிறமற்ற லாக்கர் இரண்டு பூச்சு அவசியம். சண்டைக் காட்சியில் நிறம் சிராய்ந்துபோகும். அருகில் காட்ட ஒன்று, மோத ஒன்று எனச் செய்துகொள்ளுங்கள். இரண்டும் 'டங்' என்றுதான் ஒலிக்கும். அதை எடிட்டிங்கில் எடுத்துவிடுங்கள்.